பண்டைய கிரேக்க அணுவாதத்தைப் பரிசோதனைக் குறும்படமாக எடுப்பது எப்படி: முதன்முறை எடுப்பவர்களுக்கான வழிகாட்டி

உலகில் உள்ளவை பிளக்க முடியாத அணுக்களும் அவை நகரும் வெறுமையும் மட்டுமே என்பது பண்டைய கிரேக்க அணுவாதம். அதைச் சொன்ன தத்துவஞானி டெமாக்ரிட்டஸின் அணுக்களையும் வெறுமையையும் திரையில் காட்டும் ஆசையுடன் தொடங்கப்படும் குறும்படங்கள் பெரும்பாலும் இரண்டு இடங்களில் தடுமாறுகின்றன. ஒன்று, தத்துவம் கழன்று போய், ஒளிப்புள்ளிகள் மிதக்கும் அழகான காட்சிகள் மட்டும் எஞ்சிவிடுகின்றன. மற்றொன்று, படம் முடிந்த பிறகு மொழிபெயர்ப்பு உரிமை, இசை உரிமை, தணிக்கைச் சான்றிதழ் ஆகியவற்றில் ஏதோ ஒன்று குறுக்கே வந்து, படம் ஹார்ட் டிஸ்கிலேயே தங்கிவிடுகிறது. பத்து நிமிடப் படம் ஒன்றை முடிப்பதற்குள் நான் அலைந்த அலைச்சலில் பெரும்பகுதி, முன்கூட்டியே தெரிந்திருந்தால் தவிர்த்திருக்கக்கூடியது. கேமராவை அடிப்படையாகக் கையாளத் தெரிந்த, ஆனால் இத்தகைய படத்தை இதுவரை எடுத்திராத ஒருவரை மனத்தில் வைத்து இதை எழுதுகிறேன். படிகளின் வரிசையை மாற்றாதீர்கள். குறிப்பாக மூன்றாவது படியைப் படப்பிடிப்புக்குப் பின் தள்ளாதீர்கள்.

1. யாருடைய அணு என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்

கிரேக்க அணுவாதம் என்று ஒரே பெயரில் சொன்னாலும், அதற்குள் குறைந்தது இரண்டு வெவ்வேறு உலகங்கள் உள்ளன. கி.மு. 5ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த லியூசிப்பஸ், டெமாக்ரிட்டஸ் ஆகியோரின் உலகில் எல்லாம் கட்டாயத்தால் நிகழ்கிறது. எண்ணிக்கையிலும் வடிவங்களிலும் எல்லையற்ற அணுக்கள் ஒன்றோடொன்று மோதி, பின்னி, பிரிகின்றன. எபிக்யூரஸின் (கி.மு. 341–270) உலகில் அணுக்களுக்கு எடை உண்டு, வடிவங்கள் எண்ணிப்பார்க்க முடியாத அளவுக்குப் பல என்றாலும் எல்லையற்றவை அல்ல. அவரைப் பின்பற்றிக் கி.மு. முதல் நூற்றாண்டில் லத்தீனில் ஆறு பாகக் கவிதை எழுதிய லுக்ரீஷியஸ், நேராக விழுந்துகொண்டிருக்கும் அணுக்கள் எவ்விதக் காரணமும் இன்றி மிகச் சிறிதளவு விலகுகின்றன என்கிறார்.

இந்த விலகலை டெமாக்ரிட்டஸின் வாயில் வைப்பதுதான் புதியவர்கள் அதிகம் விழும் குழி. காரணமற்ற விலகலும் கட்டாயமும் ஒரே படத்தில் விளக்கமின்றி வந்தால், தத்துவம் அறிந்த பார்வையாளர் முதல் இரண்டு நிமிடங்களிலேயே படத்தின் மீது நம்பிக்கை இழந்துவிடுவார். ஆகவே ஒரு பக்கக் குறிப்பு எழுதுங்கள்: யாருடைய கொள்கை, அதில் அணுவுக்கு என்னென்ன பண்புகள் உண்டு, என்னென்ன இல்லை. படக்குழுவில் உள்ள ஒவ்வொருவரிடமும் இந்தத் தாள் இருக்க வேண்டும். பின்னால் விழா விண்ணப்பத்துக்கான இயக்குநர் குறிப்பும் இதிலிருந்தே பிறக்கும்.

தவிர்க்க வேண்டிய வேறு சிலவற்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். நடுவில் அணுக்கருவும் சுற்றி எலக்ட்ரான் வளையங்களும் உள்ள சின்னத்தை எங்கும், சுவரொட்டியில்கூட, பயன்படுத்தாதீர்கள். பிளக்க முடியாத, உள்ளுறுப்புகள் அற்ற பொருளைப் பற்றிய படத்துக்கு அது நேர் எதிரானது. எபிக்யூரஸ் கடிதம் எழுதிய ஹெரோடோட்டஸ், வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் அல்லர். அவர் எபிக்யூரஸின் மாணவர். தமிழில் படம் எடுப்பவர்களுக்கு இன்னொரு ஈர்ப்பும் உண்டு. மணிமேகலையில் ஆசீவகச் சமயத்தார் சொல்லும் ஐவகை அணுக்களையோ வைசேடிகம் என்ற இந்தியத் தத்துவ மரபின் அணுக்களையோ இணைத்துக்கொள்ளத் தோன்றும். அவை தனிப் படத்துக்குரிய பெரிய விஷயங்கள். அங்கே நில அணு, நீர் அணு என்று அணுக்களுக்கே குணம் உண்டு. இங்கே வடிவம், அளவு போன்றவை தவிர அணுவுக்கு நிறமோ சுவையோ மணமோ கிடையாது. இந்த வேறுபாட்டைக் கலைத்துவிட்டால் இரண்டு மரபுகளுக்குமே அநீதி செய்தவர்களாவோம்.

2. ஒரே ஒரு வாசகத்தைத் தேர்ந்து அதையே படத்தின் சட்டமாக்குங்கள்

முழுக் கொள்கையையும் பத்து நிமிடங்களில் சொல்ல முயன்றால் அது பாடமாகிவிடும். ஒரு வாசகத்தை எடுத்துக்கொண்டு, படத்தில் எது வரலாம், எது வரக்கூடாது என்பதை அதுவே தீர்மானிக்கும்படி விடுங்கள்.

எனக்கு மிகவும் பயன்பட்டது டெமாக்ரிட்டஸின் புகழ்பெற்ற வாசகம்: இனிப்பும் கசப்பும், வெப்பமும் குளிர்ச்சியும், நிறமும் வழக்கத்தால் உள்ளவை, உண்மையில் உள்ளவை அணுக்களும் வெறுமையும். மருத்துவர் கேலன் இதை எடுத்துக்காட்டும்போது, புலன்கள் அறிவுக்குச் சொல்லும் மறுமொழியையும் சேர்த்துத் தருகிறார். எங்களிடம் சான்று வாங்கிக்கொண்டு எங்களையே வீழ்த்தப் பார்க்கிறாயா, எங்கள் வீழ்ச்சி உன் வீழ்ச்சியும் அல்லவா என்று புலன்கள் கேட்கின்றன. இரண்டு குரல்கள், ஒரு வழக்கு, தீர்ப்பு இல்லை. குறும்படத்துக்கு இதைவிடப் பொருத்தமான நாடகத்தைத் தேடிப் போக வேண்டியதில்லை. இதைத் தேர்ந்தால் சட்டமும் தானாக வந்துவிடுகிறது: அறிவு பேசும்போது நிறம் இருக்கக் கூடாது, புலன்கள் பேசும்போது நிறம் இருந்தே ஆக வேண்டும்.

வேறு வாசல்களும் உண்டு. ஜன்னல் வழி விழும் வெயிலில் தூசி ஆடுவது பற்றி லுக்ரீஷியஸின் இரண்டாம் பாகம், பொருள்களின் மேற்பரப்பிலிருந்து மெல்லிய படலங்கள் உரிந்து வந்து கண்ணை அடைவது பற்றி நான்காம் பாகம், அணுக்களின் வேறுபாட்டை எழுத்துகளால் அரிஸ்டாட்டில் விளக்கும் பகுதி ஆகியவை காட்சியாகவே எழுதப்பட்டவை. ஒன்றை மையமாகவும் மற்றொன்றைத் துணையாகவும் வைத்துக்கொள்ளுங்கள்; மூன்று கூடாது.

3. உரிமைகளையும் ஆவணங்களையும் படப்பிடிப்புக்கு முன்பே முடியுங்கள்

மூல நூல்கள் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்டவை என்பதால் உரிமைச் சிக்கல் இராது என்று நினைத்துவிடாதீர்கள். மூலத்துக்கு உரிமை இல்லை, மொழிபெயர்ப்புக்கு உண்டு. இந்தியாவில் ஆசிரியர் இறந்து 60 ஆண்டுகள் வரையிலும், ஐரோப்பிய ஒன்றியத்தில் 70 ஆண்டுகள் வரையிலும் பதிப்புரிமை நீடிக்கிறது. இந்தப் பத்தாண்டு இடைவெளியில்தான் பலர் சிக்கிக்கொள்கிறார்கள். எடுத்துக்காட்டாக, லுக்ரீஷியஸை ஆங்கில உரைநடையில் தந்த சிரில் பெய்லி 1957இல் இறந்தவர். அவருடைய 1910ஆம் ஆண்டு மொழிபெயர்ப்பை இந்தியாவில் தடையின்றிப் பயன்படுத்தலாம். ஐரோப்பிய விழாவில் திரையிடுவதானால் 2027ஆம் ஆண்டு முடியும் வரை அது உரிமைக்கு உட்பட்டது. மன்ரோ (இறப்பு 1885), வில்லியம் எல்லரி லெனார்ட் (இறப்பு 1944) ஆகியோரின் லுக்ரீஷியஸ் மொழிபெயர்ப்புகளும், ஜான் பர்னட் (இறப்பு 1928) மொழிபெயர்த்த சாக்ரட்டீசுக்கு முந்தையோரின் வாசகங்களும் இரண்டு இடங்களிலும் சிக்கலற்றவை.

தமிழில் குரல் கொடுப்பதானால், உரிமையுள்ள ஆங்கில மொழிபெயர்ப்பிலிருந்து தமிழாக்குவதற்கும் அனுமதி வேண்டும். பழைய, உரிமை முடிந்த இரண்டு மூன்று மொழிபெயர்ப்புகளை அருகருகே வைத்து நீங்களே தமிழாக்கி, கிரேக்கமோ லத்தீனோ அறிந்த ஒருவரிடம் காட்டித் திருத்திக்கொள்வதே பாதுகாப்பானது. மூலப் பாடங்கள் பெர்சியஸ் டிஜிட்டல் நூலகத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. இதற்கு ஒரு மாதமாவது ஒதுக்குங்கள். அறிஞர்கள் மனமுவந்து உதவுகிறார்கள், ஆனால் அவர்களுடைய வேகத்தில்தான் உதவுவார்கள்.

மொழிபெயர்ப்பாளர், குரல் கொடுப்பவர், இசையமைப்பாளர், நடிப்பவர் ஆகிய ஒவ்வொருவரிடமும் எழுத்துப்பூர்வமான ஒப்புதல் கடிதம் வாங்குங்கள். நண்பர்தானே என்று விடாதீர்கள். இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவின்படி, உரிமை மாற்றக் கடிதத்தில் காலம் குறிப்பிடப்படாவிட்டால் அது ஐந்து ஆண்டுகளுக்கு மட்டுமே என்றும், நிலப்பரப்பு குறிப்பிடப்படாவிட்டால் இந்தியாவுக்கு மட்டுமே என்றும் கொள்ளப்படும். “உலகம் முழுவதும், பதிப்புரிமைக் காலம் முழுமைக்கும், திரையரங்கு, விழா, இணையம் ஆகிய எல்லா ஊடகங்களுக்கும்” என்ற தொடர் கடிதத்தில் இருக்க வேண்டும். கைம்மாறாக என்ன தரப்படுகிறது என்பதையும், ஒரு ரூபாயாக இருந்தாலும், எழுதுங்கள். மூலக் கடிதங்களை ஒரு கோப்பிலும், ஸ்கேன் செய்த படிகளை வேறிடத்திலும் வைத்திருங்கள்.

4. அறையையும் கருவிகளையும் தயார் செய்யுங்கள்

இந்தப் படத்துக்குப் பெரிய கேமரா தேவையில்லை. லென்ஸைக் கழற்றி மாற்றக்கூடிய, வினாடிக்கு 120 அல்லது 240 ஃப்ரேம் பதிவு செய்யக்கூடிய ஒரு கேமரா, 1.8 துளையளவுள்ள 50 மில்லிமீட்டர் லென்ஸ் ஒன்று, வாடகைக்கு ஒரு மேக்ரோ லென்ஸ், உறுதியான ட்ரைபாட், இரண்டு மூன்று மீட்டர் கறுப்பு வெல்வெட் துணி ஆகியவை போதும். மேக்ரோ லென்ஸை முழுப் படப்பிடிப்புக்கும் வாடகைக்கு எடுத்துப் பணத்தை வீணாக்காதீர்கள். முதலில் 50 மில்லிமீட்டர் காட்சிகள் அனைத்தையும் முடித்துவிட்டு, கடைசியாக ஓரிரு நாள்களுக்கு மட்டும் எடுங்கள்.

விளக்கில் கவனம் தேவை. நம் வீட்டு மின்சாரம் வினாடிக்கு 50 சுழற்சி கொண்டது என்பதால், சாதாரண விளக்குகளின் ஒளி வினாடிக்கு 100 முறை ஏறி இறங்கும். கண்ணுக்குத் தெரியாத இந்த ஏற்ற இறக்கம் 240 ஃப்ரேமில் எடுத்து மெதுவாக ஓட்டும்போது துடிப்பாகத் தெரியும். பேட்டரியில் இயங்கும் எல்இடி விளக்கு பரவாயில்லை. ஆனால் ஒளியைக் குறைத்து வைத்தால் சில விளக்குகள் துடிக்கும், எனவே முழு வெளிச்சத்தில் வைத்துச் சோதித்துப் பாருங்கள். வெயிலுக்கு இந்தச் சிக்கல் இல்லை.

கேமராவில், படத்தின் இரைச்சல் புள்ளிகளை அழிக்கும் நாய்ஸ் ரிடக்‌ஷன் வசதியை முழுவதுமாக அணைத்துவிடுங்கள். செல்போன்கள் பலவற்றில் அதை அணைக்கவே முடியாது. மென்பொருள் தூசித் துகளைப் பழுதென்று எண்ணி அழித்துவிடுகிறது. நாம் காட்ட விரும்பும் பொருளையே கருவி துடைத்துவிட்டால் படம் எடுத்துப் பயனில்லை.

5. காட்சிகளை எடுங்கள்

வெயிலில் தூசி. ஜன்னலை அட்டையால் மூடி, விரலளவு பிளவு மட்டும் விடுங்கள். ஒளி பின்னாலிருந்து கேமராவை நோக்கிச் சற்றுச் சாய்வாக வர வேண்டும். ஆனால் லென்ஸில் நேராக விழக்கூடாது. பின்புலம் வெல்வெட். அந்தக் கோணத்தில் துகள்கள் பளிச்சென்று எரியும். கேமராவின் பக்கத்திலிருந்து ஒளி விழுந்தால் அநேகமாக ஒன்றுமே தெரியாது. சூரியன் ஒரு மணி நேரத்தில் 15 பாகை நகர்கிறது, அதாவது நான்கு நிமிடத்துக்கு ஒரு பாகை. ஜன்னலிலிருந்து இரண்டு மீட்டர் தள்ளி நீங்கள் குவித்து வைத்த ஒளிக்கற்றை நான்கு நிமிடங்களில் ஏறக்குறைய மூன்றரை சென்டிமீட்டர் விலகிவிடும். எல்லாவற்றையும் முதல் நாளே ஒத்திகை பார்த்து, தரையில் சாக்குக்கட்டியால் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

ஊதுபத்திப் புகை ஒளிக்கற்றையைக் காட்டும். தனித்தனித் துகளைக் காட்டாது. அதற்குப் பழைய பஞ்சுத் தலையணையை ஒருமுறை தட்டினால் போதும். அதிலிருந்து எழும் இழைகள் வெயிலில் வளைந்தும் கொக்கியாகவும் கிளைத்தும் சுழல்வதை மேக்ரோ லென்ஸில் பார்த்தபோது, அணுக்களுக்குக் கொக்கிகளும் வளைவுகளும் உண்டு என்று அந்த மனிதர்கள் எண்ணியது எனக்கு நியாயமாகவே பட்டது. முகப்பவுடரைத் தூவாதீர்கள், நுரையீரலுக்குத் தீங்கு. மாவைத் தூவவே கூடாது. காற்றில் மிதக்கும் மாவு நெருப்புப் பட்டால் வெடிக்கும். அனைவரும் முகக்கவசம் அணியுங்கள். தூசி பறக்கும் அறையில் லென்ஸை மாற்றாதீர்கள். சென்சாரில் படிந்தால் சுத்தம் செய்யும் செலவு வாடகையைவிட அதிகமாகும்.

ஓர் எச்சரிக்கை: குரல், இந்தத் துகள்களை அணுக்கள் என்று சொல்லிவிடக் கூடாது. லுக்ரீஷியஸுக்கு இவை உவமையும் தடயமும் மட்டுமே. கண்ணுக்குத் தெரியாத அணுக்களின் மோதல் படிப்படியாக மேலேறி வந்து, கடைசியில் கண்ணுக்குத் தெரியும் தூசியை அசைக்கிறது என்பதே அவர் வாதம்.

எழுத்து வடிவ அணுக்கள். அணுக்கள் வடிவத்தாலும் வரிசையாலும் நிலையாலும் வேறுபடுகின்றன என்பதற்கு அரிஸ்டாட்டில் எழுத்துகளை எடுத்துக்காட்டுகிறார். ஆல்ஃபாவும் (Α) நியூவும் (Ν) வடிவத்தில் வேறு; ஆல்ஃபா-நியூவும் நியூ-ஆல்ஃபாவும் வரிசையில் வேறு; நியூவைப் பக்கவாட்டில் சாய்த்தால் ஸீட்டா (Ζ). சில பதிப்புகளில் கடைசி எடுத்துக்காட்டில் வேறு எழுத்து இருக்கும். எந்தப் பாடத்தைப் பின்பற்றினீர்கள் என்பதைக் குறித்து வையுங்கள். இதை எந்தக் கணினி வரைகலையும் இல்லாமல் எடுக்கலாம். கறுப்பு அட்டையில் ஏறக்குறைய 15 மில்லிமீட்டர் உயரத்தில் நியூ எழுத்து வடிவில் துளை வெட்டி, அந்த அட்டையை 50 மில்லிமீட்டர் லென்ஸின் முன் ஒட்டுங்கள். லென்ஸின் துளையை 1.8க்குத் திறந்து வைத்து, குவியத்தைத் தள்ளி வையுங்கள். ஊசியால் குத்திய அலுமினியத் தாளின் பின்னால் விளக்கை வைத்தால், குவியம் தப்பிய ஒவ்வோர் ஒளிப்புள்ளியும் நியூவாக மலரும். அட்டையை மெல்லத் திருப்புங்கள். திரையிலுள்ள நியூக்கள் அனைத்தும் ஒரே சமயத்தில் ஸீட்டாக்களாகச் சாயும். ஆல்ஃபாவை வெட்டினால், புள்ளி குவியத்துக்கு முன்னால் இருக்கிறதா பின்னால் இருக்கிறதா என்பதைப் பொறுத்து எழுத்து தலைகீழாக விழும். அட்டையைத் திருப்பி ஒட்டிச் சரிசெய்யுங்கள். செலவு என்று பார்த்தால் அட்டையும் கத்தியும்தான்.

விழுதலும் விலகலும். கடுகைச் சல்லடையிலிருந்து வெல்வெட்டின் முன் உதிருங்கள். ஒரு மீட்டர் விழ அரை வினாடிகூட ஆகாது. 240 ஃப்ரேமில் எடுத்து 24இல் ஓட்டினால் அது நாலரை வினாடியாகும். வெறுமையில் எல்லா அணுக்களும் ஒரே வேகத்தில் செல்லும் என்பது எபிக்யூரஸின் கொள்கை என்பதால், ஒரே அளவுள்ள மணிகளையே பயன்படுத்துங்கள். விலகலுக்கு மின்விசிறி வைக்காதீர்கள். காற்று ஒரு காரணமாகிவிடும். படத்தொகுப்பில் ஒரே ஒரு மணியை மட்டும் நகர்த்துங்கள், அதையும் மிகச் சிறிதளவு. இயன்றதிலும் மிகக் குறைந்த அளவு என்பதில் லுக்ரீஷியஸ் கண்டிப்பாக இருக்கிறார். பார்வையாளர் கவனிக்காமல் விட்டால் விடட்டும்.

உரியும் படலங்கள். கை மீதோ நாணயம் மீதோ ஃபெவிகாலை மெல்லியதாகத் தடவி, முழுவதும் காய்ந்த பின் உரித்தால், ரேகைகளோடு கூடிய ஒளி ஊடுருவும் தோல் வரும். பின்னொளியில் பிடித்துக்கொண்டு உரிப்பதை நெருக்கத்தில் எடுங்கள். மழைக்காலத்தில் காய நேரமாகும். முந்தைய இரவே தடவி வையுங்கள்.

6. கிரேக்கத்துக்குப் போக வேண்டுமா?

பெரும்பாலானவர்களுக்கு வேண்டாம் என்பதே என் கருத்து. டெமாக்ரிட்டஸின் ஊரான அப்தீரா, வடகிழக்குக் கிரேக்கத்தில் ஸாந்தி மாவட்டக் கடற்கரையில் அகழ்வாய்விடமாக இருக்கிறது. அருகிலுள்ள கிராமத்தில் அருங்காட்சியகமும் உண்டு. இடிபாடுகளைக் காட்டியவுடன் படம் தொல்லியல் ஆவணமாகச் சாய்ந்துவிடும்.

கதைக்கு அவசியம் என்றால், கிரேக்கம் உள்ளிட்ட ஐரோப்பிய நாடுகளுக்கான ஷெங்கன் விசாவுக்குப் பயணத்துக்கு ஆறு மாதங்கள் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம்; குறைந்தது 15 நாள்களுக்கு முன் விண்ணப்பித்தாக வேண்டும். கட்டணம் 90 யூரோ. விண்ணப்ப மையத்தின் சேவைக் கட்டணம் தனி. 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடும், திரும்பும் நாளுக்குப் பின் மூன்று மாதங்களாவது செல்லுபடியாகும் பாஸ்போர்ட்டும் வேண்டும். முடிவு வழக்கமாக 15 நாள்களில் வரும், 45 நாள்கள் வரையும் நீளலாம். படப்பிடிப்பு நோக்கத்தை மறைக்காதீர்கள். தொல்லியல் இடத்தில் படம் எடுக்கப் பண்பாட்டு அமைச்சகத்தின் அனுமதி தனியே தேவை. கதைச்சுருக்கம், இடம், நாள், குழுவினர் பட்டியல், கருவிப் பட்டியல் ஆகியவற்றைத் தயாராக வைத்திருங்கள். அனுமதி கையில் வரும் முன் விமானச் சீட்டு வாங்காதீர்கள்.

புறப்படும்போது இந்திய விமான நிலையச் சுங்கப் பிரிவில் கருவிகளின் வரிசை எண்களைக் காட்டி ஏற்றுமதிச் சான்றிதழ் வாங்கிக்கொள்ளுங்கள். இல்லையேல் திரும்பும்போது உங்கள் சொந்தக் கேமராவுக்கே வரி கேட்கப்படலாம். உதிரி லித்தியம் பேட்டரிகளைக் கைப்பையில் மட்டுமே கொண்டு செல்ல முடியும்.

7. தொகுப்பும் ஒலியும்

ஃப்ரேம்களைக் கறுப்பும் வெள்ளையுமாக மாற்றி மாற்றி வைத்து அணுவையும் வெறுமையையும் காட்டும் எண்ணம் அநேகமாக எல்லோருக்கும் வரும். 24 ஃப்ரேமில் அது வினாடிக்கு 12 ஒளிச்சிமிட்டல்களாகும். வலிப்பு நோய் உள்ளவர்களுக்கு ஆபத்தானது. வினாடிக்கு மூன்று ஒளிச்சிமிட்டல்களுக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அதை மீறித்தான் தீர வேண்டும் என்றால் படத்தின் தொடக்கத்திலும் விண்ணப்பத்திலும் எச்சரிக்கை வையுங்கள்.

வெறுமைக்கு முழு மௌனத்தைப் பயன்படுத்தினால் அரங்கில் ஒலி போய்விட்டது என்று எண்ணி ஆபரேட்டர் கருவியைத் தொடுவார். எந்த நிமிடத்தில் எவ்வளவு நேரம் ஒலி இராது என்பதைத் திரையிடல் குறிப்பில் எழுதி அனுப்புங்கள். மோதல் ஒலிக்கு எவர்சில்வர் தட்டில் கடுகு விழுவதைப் பதிவு செய்தாலே போதும். விலைக்கு வாங்கும் ஒலிக்கோப்புகளின் உரிமப் படிவங்களைச் சேர்த்து வைக்கும் வேலையும் மிச்சம்.

மூலப் பிரதியை ப்ரோரெஸ் 422 ஹெச்க்யூ என்ற உயர்தர வீடியோ வடிவத்தில் வையுங்கள். 4கே தரத்தில் அது நிமிடத்துக்கு ஏறக்குறைய 5.3 ஜிபி. இரண்டு ஹார்ட் டிஸ்குகள், இரண்டு வெவ்வேறு வீடுகளில். இணையத்துக்கான சுருக்கத்தில் முதலில் காணாமல் போவது தூசித் துகள்களே; குறைந்த பிட்ரேட்டில் (வினாடிக்கான தரவு அளவில்) அவை கட்டம் கட்டமாக ஒட்டிக்கொள்ளும். ஆகவே தேர்வுக்குழுவுக்கு அனுப்பும் இணைப்பைக்கூட இயன்ற உயர்ந்த தரத்தில் ஏற்றி, செல்போனிலும் மடிக்கணினியிலும் ஒருமுறை பார்த்த பிறகே அனுப்புங்கள்.

8. சான்றிதழும் விழாக்களும்

இந்தியத் திரையரங்கில் பொதுமக்களுக்குக் காட்டத் தணிக்கைச் சான்றிதழ் தேவை. இணையத்தில் வெளியிட அது தேவையில்லை. திரைப்பட விழாவில் காட்டுவதற்கான விலக்கை மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விழாவினரே பெறுவார்கள். உங்களிடம் கேட்கும் விவரங்களை மட்டும் உரிய நேரத்தில் கொடுத்தால் போதும். விழாவுக்கு அனுப்பவே சான்றிதழ் கட்டாயம் என்று சொல்லிக் கட்டணம் கேட்கும் இடைத்தரகர்கள் உண்டு, ஏமாறாதீர்கள்.

விழாக்களுக்குப் படம் அனுப்ப உதவும் ஃபிலிம்ஃப்ரீவே இணையதளம் வழியாக அனுப்பும்போது தொடக்கக் கெடு, வழக்கமான கெடு, தாமதக் கெடு என்று கட்டணம் ஏறிக்கொண்டே போகும். படம் முடியும் நாளைக் கணித்து, தொடக்கக் கெடுவையே குறிவையுங்கள். கட்டணங்களைப் படச் செலவின் ஒரு தனித் தலைப்பாக முதலிலேயே ஒதுக்காவிட்டால் கடைசியில் கையில் பணம் இருக்காது. ஜெர்மனியின் ஓபர்ஹவுசன், அமெரிக்காவின் ஆன் ஆர்பர், கிரேக்கத்தில் அப்தீராவுக்கு அதிகத் தொலைவில் இல்லாத ட்ராமா நகரின் குறும்பட விழா, நம் பக்கம் திருவனந்தபுரத்தின் ஆவணப்பட, குறும்பட விழா, மும்பை சர்வதேச விழா ஆகியவற்றின் விதிகளை முதலில் படியுங்கள். பெயர் தெரியாத, மாதந்தோறும் விருது தரும் விழாக்களுக்குச் செலவிடுவது வீண்.

முதல் திரையிடல் நிபந்தனை வைத்திருக்கும் விழாக்கள் பல. நண்பர்கள் பார்க்கட்டும் என்று யூடியூபில் பொதுவில் ஏற்றிவிட்டால் அந்த வாசல் மூடிவிடக்கூடும். கடவுச்சொல் வைத்த இணைப்பையே பகிருங்கள். விண்ணப்பத்துடன் ஆங்கில சப்டைட்டில் கோப்பு, படத்திலிருந்து மூன்று நிழற்படங்கள், இயக்குநர் குறிப்பு, உரைப்பட்டியல் ஆகியவை வேண்டும். உரைப்பட்டியலில் ஒவ்வொரு மேற்கோளுக்கும் எதிரே மூலத்தின் பாகம், வரி எண், மொழிபெயர்ப்பாளர் பெயர், அவர் இறந்த ஆண்டு ஆகியவற்றை எழுதி வைத்தால், விழாவினர் உரிமை பற்றிக் கேட்கும் மின்னஞ்சலுக்கு அன்றே பதில் அனுப்பிவிடலாம்.